அப்பா காதால் பார்த்த செக் நடிகர்

ஜூலை மாசம் ஊட்டியில் இருந்துகொண்டு யாராவது கண் ஆபரேஷன் செய்துகொள்வார்களா? எங்கள் அப்பா செய்துகொண்டார். மே மாசம் சீசன், சொந்தக்காரர்கள் ஒருவர் மாற்றி ஒருவர் வந்துகொண்டே இருப்பார்கள், அதெல்லாம் ஓய்ந்த பிறகு நிம்மதியாகச் செய்துகொள்ளலாம் என்பது அவர் கணக்கு. கணக்கு சரிதான், சொந்தக்காரர்கள் வரவில்லை. மழை வந்தது. கோயம்புத்தூரில் ஆபரேஷனை முடித்து, கறுப்புக் கண்ணாடியும் சொட்டு மருந்துமாக அவரைக் காரில் ஏற்றிக்கொண்டு வந்தால், பர்லியாறு தாண்டியதும் பிடித்த மழை பத்து நாளைக்கு விடவில்லை.

ஒரு வாரம் டிவி கூடாது, போன் கூடாது, பேப்பர் படிக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லி அனுப்பியிருந்தார். இன்னொரு கண்ணிலும் புரை முற்றித்தான் இருக்கிறது, அதற்கு இரண்டு மாசம் கழித்து வரச் சொல்லியிருக்கிறார்கள். எழுபது வயதைத் தாண்டிய மனிதர் ஒரு வாரம் சுவரைப் பார்த்துக்கொண்டு என்ன செய்வார் என்று நான்தான் பதறினேன். அவர் போர்வையைக் கழுத்துவரை இழுத்துவிட்டுக்கொண்டு, "இருட்டு எனக்குப் புதுசாங்கண்ணு?" என்றார்.

புதுசில்லை. அப்பா வேலை பார்த்தது இந்து நகர் பிலிம் ஃபேக்டரியில். முழுப்பெயர் இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ், 1960இல் தொடங்கிய மத்திய அரசு நிறுவனம், 1967இல் உற்பத்தி ஆரம்பித்தது. கறுப்பு வெள்ளை சினிமா பிலிமும் எக்ஸ்ரே பிலிமும் அங்கிருந்து நாடு முழுக்கப் போயின. ஜெலட்டினும் வெள்ளி உப்பும் கலந்த கலவையைப் பூசிய பிறகு பிலிம்மேல் துளி வெளிச்சம் பட்டாலும் போச்சு, அதனால் பூசும் இடத்திலிருந்து வெட்டிச் சுருட்டிப் பெட்டியில் போடும் இடம்வரைக்கும் கும்மிருட்டு. எதிரே வருகிறவர் மேல் முட்டிக்கொள்ளாமல் இருக்க இருமிக்கொண்டோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டோ நடப்பார்களாம். யார் வருகிறார், என்ன மனநிலையில் வருகிறார், காலையில் வீட்டில் சண்டை போட்டுவிட்டு வந்திருக்கிறாரா என்பதெல்லாம் குரலிலேயே தெரிந்துவிடும் என்பார். ரிடையர் ஆகி இத்தனை வருஷமாகியும் இன்றைக்கும் போனில் யாராவது ஹலோ சொன்னதும், "அவனுக்கு ஒடம்பு செரியில்ல போல" என்பார், பெரும்பாலும் அது சரியாகவே இருக்கும்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். இரண்டு வருஷமாக எனக்கு ஒரு பைத்தியம், பழைய செக் படங்கள். யாரோ ஒரு நண்பர் கொடுத்த பென்டிரைவில் ஆரம்பித்தது. அந்த வாரமும் மழையில் வேறு வேலை இல்லாததால் அப்பா கட்டில் பக்கத்திலேயே நாற்காலியைப் போட்டு லேப்டாப்பில் ஓடவிட்டுக்கொண்டிருந்தேன். அவர் கேட்டுக்கொண்டு படுத்திருந்தார். செக் மொழியில் ஒரு வார்த்தை அவருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. நான் சப்டைட்டிலைப் படித்துப் படித்து, "இப்ப இவன் வீட்டுக்கு வர்றான், இவ கோபமா இருக்கா" என்று சொல்லிக்கொண்டே போனேன். பேசாப் பட காலத்தில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்வதற்கென்றே கொட்டகையில் ஓர் ஆள் இருப்பாராமே, கிட்டத்தட்ட அந்த உத்தியோகம்.

முதலில் போட்டது யிர்ஷி மென்சல் 1985இல் எடுத்த 'என் செல்லக் குட்டி கிராமம்'. லாரி ஓட்டும் குண்டு மனிதர் ஒருவர், அவருக்கு உதவியாளாக வெகுளிப் பையன் ஒருவன், அந்தப் பையனின் வீட்டை வாரக் கடைசியில் வந்து தங்கும் பங்களாவாக்கிக்கொள்ளத் துடிக்கும், தலைநகர் பிராக்கிலிருந்து வரும் அதிகாரி. கதை இவ்வளவுதான். (ஊட்டியில் இருக்கிற யாருக்கும் அந்த பிராக் அதிகாரியை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. வருஷத்துக்கு நாலு பேர் எங்கள் தெருவிலேயே வந்து வீடு விலைக்கு இருக்கிறதா என்று கேட்டுவிட்டுப் போகிறார்கள்.) இதில் ஊர் டாக்டர் ஒருவர் வருவார், பெயர் ஸ்க்ருஷ்னி. காரை ஓட்டிக்கொண்டே ஜன்னலுக்கு வெளியே வயலையும் மரத்தையும் பார்த்துக் கவிதை சொல்லிக்கொண்டு போவார், போய் எதன்மேலாவது மோதுவார். ஒவ்வொரு முறையும் காருக்கு ஒரு புது நசுங்கல். டாக்டர் பேசிய முதல் நிமிஷத்திலேயே அப்பா கேட்டார்.

"இது யாரு?"

"டாக்டருங்கப்பா."

"அதானே. அவசரமே இல்லாத ஆளு. இவருகிட்டப் போனா பாதி வியாதி பேச்சுலயே போயிரும்."

அந்த டாக்டராக நடித்தவர்தான் ருடால்ஃப் ஹ்ருஷீன்ஸ்கி. அவரைப் பற்றித்தான் இந்தப் பதிவு, அப்பா நடுநடுவே வருவார், பொறுத்துக்கொள்ளவும்.

ஹ்ருஷீன்ஸ்கி 1920 அக்டோபரில் பிறந்தவர். பெற்றோர் இருவரும் ஊர் ஊராகப் போய் நாடகம் போடும் குழுவைச் சேர்ந்தவர்கள். செக் நாட்டின் பொஹீமியா பகுதியில், தெற்கே ஒரு சின்ன ஊரில் நாடகம் நடந்துகொண்டிருக்கும்போதே அம்மாவுக்கு வலி கண்டு, மேடைக்குப் பின்னாலேயே பிறந்தார் என்று சொல்வார்கள். நம் ஊரிலும் ஒரு தலைமுறை அப்படித்தான் வந்தது. பாய்ஸ் கம்பெனிகள், மூட்டை முடிச்சோடு மாட்டுவண்டியிலும் ரயிலிலும் ஊர் மாறுவது, ராஜபார்ட்டுக்குக் காய்ச்சல் வந்தால் அந்த வேஷத்தைப் பத்து நிமிஷத்தில் இன்னொருவன் கட்டுவது. அப்படி வந்தவர்களுக்கு ஒரு விஷயம் உடம்பிலேயே ஊறியிருக்கும்: கூட்டம் எப்போது நம்மைப் பார்க்கிறது, எப்போது பார்க்கவில்லை என்பது.

பத்தொன்பது வயதுக்குள் சினிமாவுக்கு வந்துவிட்டார், 1939இல் வந்த ஒரு பள்ளிக்கூட நகைச்சுவைப் படத்தில் மாணவனாகப் பார்க்கலாம். அதே வருஷம் மார்ச்சில்தான் ஹிட்லரின் படை பிராக்குக்குள் நுழைந்தது. அன்றிலிருந்து 1994 ஏப்ரலில் இறக்கும்வரை எத்தனை ஆட்சி மாறியது என்று எண்ணிப் பாருங்கள். நாஜி ஆக்கிரமிப்பு, போர் முடிந்து மூன்று வருஷ இடைவெளி, 1948இல் கம்யூனிஸ்டுகள், 1968இல் சீர்திருத்தம் துளிர்த்த 'பிராக் வசந்தம்', அதை நசுக்க வந்த டாங்கிகள், இருபது வருஷ உறைபனி, 1989 நவம்பரில் கம்யூனிஸ்ட் ஆட்சியின் வீழ்ச்சி, கடைசியில் 1993இல் செக்கோஸ்லோவாகியா என்ற நாடே செக், ஸ்லோவாகியா என்று இரண்டாகப் பிரிந்தது. இத்தனையிலும் இந்த மனிதர் நடித்துக்கொண்டே இருந்தார், நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள். 1960இலிருந்து கடைசிவரை பிராக்கின் தேசிய நாடக அரங்கத்தில் உறுப்பினர். அந்த அரங்கம் 19ஆம் நூற்றாண்டில் மக்களிடம் காசு திரட்டிக் கட்டியது, 1881இல் திறந்த சில வாரங்களிலேயே எரிந்துபோக, மறுபடி வசூலித்து 1883இல் கட்டி முடித்தார்கள். மேடைக்கு மேலே 'தேசம் தனக்குத்தானே' என்று எழுதியிருக்கும்.

இவரை எந்த வகையில் சேர்ப்பது என்று எனக்குத் தீர்மானமாகச் சொல்லத் தெரியவில்லை. கதாநாயகன் என்று சொல்ல முடியாது, ஆனால் சில படங்களில் அவரேதான் முழுக்க. வில்லன் இல்லை, காமெடியன் இல்லை. குணச்சித்திர நடிகர் என்று நாம் வைத்திருக்கும் சொல் இதற்கென்றே செய்தது மாதிரி இருக்கிறது. நமக்குத் தெரிந்த ஆளோடு ஒப்பிடச் சொன்னால் நான் டி. எஸ். பாலையாவைச் சொல்வேன். 1936இல் 'சதி லீலாவதி'யில் தொடங்கியவர், அவரும் நாடகக் கம்பெனி ஆள்தான். 'திருவிளையாடல்' ஹேமநாத பாகவதரின் அந்த மிதப்பையும் 'தில்லானா மோகனாம்பாள்' தவில்காரரின் பாசத்தையும் ஒரே தொண்டையிலிருந்து எடுத்தவர். 'காதலிக்க நேரமில்லை'யில் நாகேஷ் கதை சொல்லச் சொல்ல பாலையா செய்வது என்ன? ஒன்றுமே செய்வதில்லை, கேட்கிறார், அவ்வளவுதான், அறுபது வருஷமாக நாம் சிரித்துக்கொண்டிருக்கிறோம். ஹ்ருஷீன்ஸ்கியும் அப்படிக் கேட்பார். ஆனால் ஒரு வித்தியாசம், பாலையாவின் குரல் ஏறி இறங்கும், வளையும், சறுக்கும். இவர் குரல் ஏறாது. அந்த ஏறாத குரலைத்தான் அப்பா பிடித்தார், அதைப் பிறகு சொல்கிறேன்.

இரண்டாம் நாள் மின்சாரம் போனது. மரம் விழுந்து லைன் அறுந்தது என்றார்கள். லேப்டாப்பில் இருக்கிற சார்ஜுக்குள் முடிகிற படமாக வேண்டும் என்று தேடி 'கிறுக்குக் கோடை'யைப் போட்டேன். 1968, மென்சலேதான், எழுபத்தைந்து நிமிஷம்தான் ஓடும். ஆற்றங்கரையில் குளியல்துறை நடத்தும் அந்தோனின் டூரா, ஓய்வுபெற்ற மேஜர், ஒரு பாதிரியார், மூன்று பேரும் சும்மா உட்கார்ந்து மழையைப் பார்த்துக்கொண்டு பேசிக்கொண்டிருக்கிறார்கள். கழைக்கூத்தாடி ஒருவன் அழகான ஒரு பெண்ணோடு ஊருக்கு வருகிறான், கிழவர்கள் மூவருக்கும் ஒவ்வொருவராகப் புத்தி தடுமாறுகிறது, அவள் போய்விடுகிறாள், மழை நிற்கவில்லை. டூராதான் ஹ்ருஷீன்ஸ்கி, தொப்பையும் நீச்சல் உடையுமாக. அதில் டூரா சொல்லும் ஒரு வாக்கியம், இந்த மாதிரியான கோடை எனக்குச் சற்று துரதிர்ஷ்டமாகவே படுகிறது என்பது, செக் மக்களிடம் பழமொழி மாதிரி ஆகிவிட்டது, ஜூன் மாசம் மழை பெய்தால் யாராவது ஒருவர் சொல்லிவிடுவாராம். மூல நாவலை எழுதியவர் விளாடிஸ்லாவ் வான்ச்சுரா, 1926இல். அவரை 1942இல் நாஜிகள் சுட்டுக் கொன்றார்கள். அது தெரிந்த பிறகு அந்த மழை வேறு மாதிரி கேட்கிறது.

அப்பாவுக்கு அந்த வாக்கியத்தைத் தமிழில் சொன்னதும் விழுந்து விழுந்து சிரித்தார். கண்ணுக்கு ஆகாது என்று நான் அதட்ட வேண்டியிருந்தது. 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 82 சென்டிமீட்டர் மழை கொட்டியதே, அப்போது எங்கள் தெருவே இந்த மூன்று கிழவர்கள் மாதிரித்தான் திண்ணையில் உட்கார்ந்திருந்தது. அன்றைக்கு இந்த வாக்கியம் கையில் இருந்திருந்தால் எவ்வளவு உபயோகமாக இருந்திருக்கும்!

இனி அந்தப் படம்.

'பிணம் எரிப்பவர்'. யுராய் ஹெர்ட்ஸ் இயக்கி 1969இல் வந்தது, லாடிஸ்லாவ் ஃபுக்ஸின் நாவல். 1930களின் பிராக், நாஜிகள் வரப்போகிற சமயம். சுடுகாட்டில், அதாவது உலை வைத்து எரிக்கும் நவீனமான இடத்தில், பெரிய பொறுப்பில் இருக்கிறார் கோப்ஃபர்கிங்கிள். குடிக்க மாட்டார், புகைக்க மாட்டார், மனைவி மக்கள்மேல் அவ்வளவு பிரியம். திபெத்தைப் பற்றி ஒரு புத்தகம் கையிலேயே வைத்திருப்பார், எரிப்பதால் ஆன்மா சீக்கிரம் விடுதலை அடைகிறது என்பது அவர் நம்பிக்கை. சவத்துக்குத் தலை சீவிவிடுவார், அதே சீப்பால் தன் தலையையும் வாரிக்கொள்வார். நண்பன் ஒருவன் வந்து உன் உடம்பில் ஓடுவது ஜெர்மன் ரத்தம் என்று ஏற்றிவிடுகிறான். மனைவிக்கோ யூதத் தாய். அப்புறம் நடப்பதை நான் சொல்லப் போவதில்லை, பார்த்துக்கொள்ளுங்கள், ராத்திரி தனியாகப் பார்க்காதீர்கள்.

இந்தப் படத்தில் நமக்கென்று ஒரு சிக்கல் இருக்கிறது. எரிப்பது நமக்கு அதிசயமே இல்லை. ஐரோப்பாவில் அந்தக் காலத்தில் புதைப்பதுதான் வழக்கம், எரிப்பது முற்போக்கு, சுகாதாரம் என்று பிரசாரம் செய்துதான் கொண்டுவந்தார்கள், அதனால் அங்கே இந்த ஆள் ஆரம்பத்திலேயே கொஞ்சம் விசித்திரமாகத் தெரிந்திருப்பார். நமக்கு அப்படித் தெரிய மாட்டார். உடம்பு சட்டை மாதிரி, ஆன்மாவுக்கு அழிவில்லை, மறுபிறவி, எல்லாம் நம் வீட்டுத் திண்ணைப் பேச்சு. அப்பா முதல் இருபது நிமிஷம் தலையாட்டிக்கொண்டே கேட்டார். "நல்ல மனுசனா இருக்கானே, செரியாத்தான பேசறான்" என்றார். நான் வாயைத் திறக்கவில்லை. வெளியே மழைச் சத்தம் தகரத்தில் விழுந்துகொண்டே இருந்தது.

ஒரு அரை மணி நேரம் போயிருக்கும். கையை நீட்டி என் முழங்கையைத் தொட்டார்.

"ஏங்கண்ணு, இது அந்த டாக்டர் கொரலாச்சே?"

"ஆமாங்கப்பா, அதே ஆள்தான்."

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். அப்புறம் சொன்னார். "இதுல அவன் பேச்சு செரியில்ல. பொண்டாட்டிகிட்டயும் இதே கொரலு, வேலக்காரங்ககிட்டயும் இதே கொரலு, பொணத்துகிட்டயும் இதேதான். மனுசன் அப்பிடி இருக்க மாட்டான். ஆளுக்கு ஆளு கொரல் கொஞ்சமாவது மாறோணும்."

நான் அந்தப் படத்தை மூன்று தடவை பார்த்திருக்கிறேன். கேமரா வித்தைகளையும் முகங்களை உப்ப வைக்கும் அந்த லென்ஸையும் பற்றி நண்பர்களிடம் பக்கம் பக்கமாகப் பேசியிருக்கிறேன். இது எனக்குத் தோன்றவே இல்லை. டாக்டரிடம் இருப்பதும் சுடுகாட்டுக்காரரிடம் இருப்பதும் அதே வெண்ணெய்க் குரல்தான், நடிகர் மாற்றியது ஒன்றே ஒன்றை. டாக்டர் ஆளுக்குத் தகுந்தபடி ஒரு நூல் இழை வேகத்தைக் கூட்டிக் குறைக்கிறார், முன்னால் இருப்பவர் பேச இடம் விடுகிறார். கோப்ஃபர்கிங்கிள் யாருக்கும் இடம் விடுவதில்லை. எதிரே ஆள் இருக்கிறாரா இல்லையா என்பதே அவருக்கு ஒரு பொருட்டில்லை. கண்ணை உருட்டவில்லை, பல்லைக் கடிக்கவில்லை, சிரிப்பு கூட அதே மாதிரி மென்மையாகத்தான் வருகிறது. வில்லன் என்றால் ஒரு உறுமலாவது வேண்டும் என்று பழகிய நமக்கு இது சுலபத்தில் பிடிபடாது. ஸ்பெயினில் சிட்ஜஸ் பட விழாவில் 1972இல் இதற்காக அவருக்குச் சிறந்த நடிகர் விருது கொடுத்தார்கள். கொடுத்தபோது அவர் நாட்டில் அந்தப் படம் தடையாகிப் பெட்டிக்குள் போய்விட்டது.

ஏன் என்று அப்பா கேட்டார், ஏனென்றால் பிலிம் பெட்டிக்குள் போவது என்றால் அவருக்கு உடனே அக்கறை வந்துவிடும். 1968 ஜூன் 27ஆம் தேதி செக் பத்திரிகைகளில் 'இரண்டாயிரம் சொற்கள்' என்று ஓர் அறிக்கை வந்தது. எழுதியவர் லூட்விக் வாட்சுலிக். ஆளும் கம்யூனிஸ்ட் கட்சிக்குள் தொடங்கிய சீர்திருத்தத்தை மக்கள் கைவிடக் கூடாது, கீழிருந்து தள்ள வேண்டும் என்பதுதான் சாரம். விஞ்ஞானிகள், எழுத்தாளர்கள், விளையாட்டு வீரர்கள் என்று பலர் கையெழுத்துப் போட்டார்கள், ஹ்ருஷீன்ஸ்கியும் போட்டார். ஆகஸ்ட் 21 விடியும்போது சோவியத் தலைமையிலான வார்சா ஒப்பந்த நாடுகளின் டாங்கிகள் பிராக் தெருவில். அதற்குப் பிறகு கையெழுத்துப் போட்டவர்களை ஒவ்வொருவராகக் கூப்பிட்டு, தப்புதான், தெரியாமல் போட்டுவிட்டேன் என்று சொல்லிவிடு, வேலையைப் பார் என்றார்கள். பலர் சொன்னார்கள். இவர் சொல்லவில்லை. விளைவு, 70களின் முதல் பாதியில் சில வருஷம் சினிமாவிலும் டிவியிலும் அவருக்கு இடமில்லை. மேடை மட்டும் மிச்சம்.

அப்பாவின் யூனியன் புத்தி உடனே விழித்துக்கொண்டது. ஃபேக்டரியில் மனு கொடுப்பதென்றால் யார் முதலில் கையெழுத்துப் போட்டது என்று தெரியாமல் இருக்க, பெயர்களைச் சுற்றி வட்டமாக எழுதுவார்களாம். "அந்தாளுக்கு வட்டம் எதுக்கு, மூஞ்சி ஊருக்கே தெரியுமே" என்று அவரே பதிலும் சொல்லிக்கொண்டார். அதுதான். தெரியாத ஆள் கையெழுத்தைத் திரும்பப் பெற்றால் யாருக்கும் ஒன்றுமில்லை. ஊருக்கே தெரிந்த முகம் திரும்பப் பெற்றால் மற்றவர்களும் சுலபமாகப் பெற்றுவிடுவார்கள், அதற்காகத்தான் அவரை அத்தனை நெருக்கியிருப்பார்கள் என்பது என் ஊகம்.

இவரை நான் தியாகியாக்கவில்லை. 'பிணம் எரிப்பவர்' படத்தில் மனைவியாக நடித்த விளாஸ்தா ஹ்ரமோஸ்தோவாவுக்கு நடந்ததை வைத்துப் பார்த்தால் இவருக்கு நடந்தது குறைவு. அந்த அம்மா, அரசு மனித உரிமைகளை மதிக்க வேண்டும் என்று 1977இல் வந்த 'சாசனம் 77' அறிக்கையில் கையெழுத்துப் போட்டவர், மேடையும் போய், தன் வீட்டு ஹாலிலேயே நாடகம் போட்டார். வீட்டுக்குள் மேக்பெத்! ஒளிப்பதிவு செய்த ஸ்டானிஸ்லாவ் மிலோட்டா அவருடைய கணவர், அவருக்கும் வேலை இல்லை. ஒரே படத்தில் வேலை பார்த்த மூன்று பேர், மூன்று பேருக்கும் கேமரா மறுக்கப்பட்டது. இன்னொரு பக்கம், மென்சல் 1969இல் எடுத்த 'நூலில் கட்டிய வானம்பாடிகள்'. இரும்புக் குப்பைக் கிடங்கில் வேலைக்கு அனுப்பப்பட்ட 'முதலாளித்துவ மிச்சங்கள்' பற்றியது, அவர்களை மேய்க்கும் அரசாங்க ஆள் ஹ்ருஷீன்ஸ்கிதான். அந்தப் படம் வெளியே வர இருபத்தொரு வருஷம் ஆனது, 1990இல் பெர்லின் பட விழாவின் முதல் பரிசான தங்கக் கரடியை வாங்கியது. வெள்ளி உப்பு இருட்டில் காத்திருக்கும், வெளிச்சம் பட்டால்தான் அதற்கு வாழ்வு. ஆனால் இருபத்தொரு வருஷம் கொஞ்சம் அதிகம் என்றார் அப்பா.

திரும்பி வந்த பிறகு அவர் செய்த எல்லாமே பிரமாதம் என்று சொல்ல மாட்டேன். சம்பளத்துக்குச் செய்த படங்களும் இருக்கின்றன, பார்த்தேன், மறந்துவிட்டேன். ஆனால் 'அடேலா இன்னும் சாப்பிடவில்லை' மறக்காது. ஓல்ட்ரிஷ் லிப்ஸ்கியின் படம், அமெரிக்கத் துப்பறிவாளன் ஒருவன் பிராக்குக்கு வருகிறான், ஆளை விழுங்கும் ஒரு செடி, அந்தச் செடியை அசைத்தவர் பொம்மைப் பட மேதை யான் ஷ்வாங்க்மாயர். ஹ்ருஷீன்ஸ்கி உள்ளூர் போலீஸ் அதிகாரி லெட்வினா, துப்பறிவதைவிட சாப்பாட்டிலும் பீரிலும்தான் கவனம். (பூச்சி தின்னும் செடி நம் பக்கமும் உண்டு. மழை முடிந்ததும் புல்வெளியில் ஈரமான இடங்களில் குனிந்து பார்த்தால் விரல் உயரத்தில் பசைத்துளியோடு நிற்கும். அடேலாவின் ஏழைச் சொந்தக்காரர்கள்.)

70களின் கடைசியில் மென்சல் எடுத்த இன்னொரு படம் அப்பாவுக்கு எல்லாவற்றையும்விடப் பிடித்தது. 1900களின் ஆரம்பத்தில் வண்டி கட்டிக்கொண்டு ஊர் ஊராகப் பிரெஞ்சுப் படத்துண்டுகளைக் காட்டிப் பிழைக்கும் பாஸ்பார்ட்டே என்ற ஆள், பிராக்கில் நிரந்தரமாக ஒரு கொட்டகை போட வேண்டும், செக் மொழிப் படம் எடுக்க வேண்டும் என்று அலைகிறான். முழு நாயகன் ஹ்ருஷீன்ஸ்கி. நான் கதை சொல்லி முடிப்பதற்குள் அப்பா, "நம்ம வின்சென்ட்டு" என்றார். சாமிக்கண்ணு வின்சென்ட், ரயில்வேயில் வேலை பார்த்தவர், 1905இல் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் ப்ரொஜெக்டரை வாங்கிக்கொண்டு டெண்ட் அடித்துப் படம் காட்டி, கடைசியில் 1914இல் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் கட்டியவர். அப்பா சின்ன வயதில் காரமடையிலிருந்து அந்த வெரைட்டி ஹால் ரோட்டுக்குப் படம் பார்க்க வந்த கதையெல்லாம் அன்றைக்கு வெளியே வந்தது, பாஸ்பார்ட்டே பாதியில் நின்றான், நான் அடுத்த நாள்தான் முடித்தேன். இதில் ஹ்ருஷீன்ஸ்கி பெண்களை ஏமாற்றுவார், கடன் சொல்வார், பொய் சொல்வார். அப்பா அந்தக் குரலை முழுசாக மன்னித்துவிட்டார். "இவன் பொய் சொல்றப்ப கொரல் ஓடுது பாரு. பயப்படற மனுசன்" என்றார்.

1989இல் ஆட்சி விழுந்த பிறகு, 1990 தேர்தலில், அந்த ஆட்சியை எதிர்த்து எழுந்த 'குடிமக்கள் அரங்கம்' இயக்கத்தின் சார்பாக நின்று, கூட்டாட்சி நாடாளுமன்றத்தில் இரண்டு வருஷம் உறுப்பினராக இருந்தார். எழுபது வயதில். நடிகர் சட்டமன்றத்துக்குப் போவது நமக்கு ஒன்றும் செய்தியில்லை, அதனால் தாண்டிப் போகிறேன். 1991இல் 'ஆரம்பப் பள்ளி'யில் தலைமையாசிரியராக வந்தார், போர் முடிந்த சமயத்துக் கதை, ஆஸ்கருக்குப் பரிந்துரையானது. சின்ன வேஷம்தான். மகன்கள் இருவரும் நடிகர்கள், ருடால்ஃப், யான்.

எட்டாம் நாள் டாக்டரிடம் போனில் கேட்டு, கொஞ்ச நேரம் பார்க்கலாம் என்றதும் முதல் வேலையாக அவருடைய போட்டோ ஒன்றை லேப்டாப்பில் பெரிதாக்கிக் காட்டினேன். அகன்ற முகம், கனத்த இமை, தொங்கும் கன்னம். அப்பா கண்ணாடியைக் கழற்றி, ஆபரேஷன் ஆன கண்ணை மட்டும் வைத்துக்கொண்டு நெடுநேரம் பார்த்தார்.

"ஒல்லியா இருப்பாருன்னு நெனச்சனே" என்றார். ஏமாற்றம் தெரிந்தது. "கொரலுக்கும் தொப்பைக்கும் சம்பந்தமே இல்ல."

இன்னும் ஒரு பெரிய படம் பாக்கி இருக்கிறது. யாரோஸ்லாவ் ஹாஷெக்கின் நாவலில் வரும் ஷ்வெய்க், அந்தச் சிப்பாய் வேஷம்தான் ஹ்ருஷீன்ஸ்கியை நாடு முழுக்கக் கொண்டுபோனது. 1956, 57இல் வண்ணத்தில் இரண்டு பாகமாக வந்தது. இன்றைக்கும் செக் நாட்டில் ஷ்வெய்க் என்றால் பலருக்கு அவர் முகம்தான் நினைவுக்கு வருமாம். உண்மையைச் சொன்னால் எனக்கு அந்தப் படம் தூக்கம் வரவழைத்தது, நாவலில் இருக்கும் விஷமம் திரையில் வெறும் அப்பாவித்தனமாகிவிட்டது என்று நினைத்தேன். அதனால்தான் அப்பாவுக்குப் போடவில்லை. ஷ்வெய்க் முட்டாளா, இல்லை முட்டாள் மாதிரி நடிக்கிறானா என்பதுதான் அந்தக் கதையில் நூறு வருஷமாக எல்லோரும் அடித்துக்கொள்ளும் கேள்வி என்று மட்டும் சொன்னேன்.

"அது கேட்டாத் தெரிஞ்சிருமே. பாத்தாத்தான் தெரியாது" என்றார். செப்டம்பரில் அடுத்த கண். ஷ்வெய்க்கை அதுவரை தொடக் கூடாது என்று உத்தரவு.